பிரேசில் ரப்பரை இழந்தது விதைத் திருட்டாலா?

மலையோரம்:

எல்லாருக்கும் வணக்கம். குலசேகரம் பக்கம் ஒரு நூலகத்தில் பிளஸ் டூ, கல்லூரிப் பிள்ளைகளுக்குத் தென் அமெரிக்க வரலாறு பற்றி ஒரு மணி நேரம் பேசணும். பொலிவார், சான் மார்ட்டின் என்று ஆரம்பித்தால் பத்தாவது நிமிடம் எல்லாரும் போனை எடுத்துவிடுவார்கள். வருகிற பிள்ளைகளில் பாதிப்பேர் வீட்டில் ரப்பர்ப் பால்வெட்டு உண்டு. அதனால் ரப்பரைப் பிடித்தே உள்ளே போகலாம் என்று யோசனை.

எனக்குத் தெரிய வேண்டியது இவ்வளவுதான். ஆங்கிலேயன் ஒருவன் விதையைத் திருடிக்கொண்டு போனதால் பிரேசில் அழிந்தது என்று எல்லா இடத்திலும் எழுதியிருக்கிறது, அது எந்த அளவுக்குச் சரி? மரம் பிறந்த ஊரிலேயே ஏன் நம்ம ஊர் மாதிரித் தோட்டம் போடவில்லை? அக்ரே என்ற இடத்துக்காக பிரேசிலும் பொலிவியாவும் சண்டை போட்டதற்கும் ரப்பருக்கும் என்ன தொடர்பு? அங்கே காட்டில் எப்படி வெட்டினார்கள், இங்கே வெட்டுவதற்கும் அதற்கும் என்ன வித்தியாசம்? கடைசிக் கேள்விக்கு விரிவாகச் சொன்னால் நல்லது. பிள்ளைகள் அதைத்தான் முதலில் கேட்பார்கள்.

கோதையாறு:

விதைக் கதையை எடுத்துக்கொள்கிறேன். ஆள் பெயர் ஹென்றி விக்ஹாம். 1876-ல் அமேசானின் கிளை ஆறான தபஜோஸ் கரையில், சாந்தாரெம் நகரத்துக்கு மேலே, ஏறக்குறைய 70,000 விதை சேர்த்தார். லண்டன் கியூ தாவரவியல் தோட்டத்துக்காக ஆயிரத்துக்கு 10 பவுண்டு என்று பேச்சு. பெலேம் துறைமுகம் வழியாகக் கப்பல் வெளியே போனது. ரப்பர் விதையை ஏற்றுமதி செய்யக் கூடாது என்று அந்த வருடம் பிரேசிலில் எந்தச் சட்டமும் கிடையாது. ஒளித்து, ஏமாற்றி எடுத்துவந்த வீரக்கதை பின்னால் விக்ஹாமே ஊதிப் பெருக்கியது. பிரேசில்காரர்களுக்கும் தோல்விக்கு ஒரு வில்லன் தேவைப்பட்டான். இரண்டு பக்கத்துக்கும் வசதியான கதை என்பதால் இன்றுவரை நிற்கிறது.

அவர் செய்ததில் உண்மையான கெட்டிக்காரத்தனம் விதையைச் சாகாமல் கொண்டுபோனது. நாற்றங்கால் வைத்தவர்களுக்குச் சொல்ல வேண்டாம்: எண்ணெய்ச் சத்துள்ள விதை, உதிர்ந்து இரண்டு மூன்று வாரம் போனால் முளைப்பு மளமளவென்று குறையும். காயவைத்தால் பருப்பு சுருங்கிச் சாகும், ஈரமாகக் குவித்துவைத்தால் சூடேறிப் பூஞ்சணம் பிடிக்கும். 1873-ல் ஃபாரிஸ் என்பவர் வழியாக கியூவுக்கு வந்த 2,000 விதையில் முளைத்தது 12. அதில் 6 கன்று கல்கத்தா போய்ச் செத்தது. விக்ஹாம் விதைகளுக்கு நடுவே காய்ந்த வாழைச்சருகு மாதிரியான இலையை அடுக்கி, காற்றுப் போகிற பிரம்புக் கூடைகளில் கட்டிக் கப்பலின் அடித்தட்டில் தொங்கவிட்டார். ஜூன் நடுவில் கியூ போய்ச் சேர்ந்ததும் தாமதிக்காமல் விதைத்தார்கள். அப்படியும் முளைத்தது ஏறக்குறைய 2,700, அதாவது நூற்றுக்கு நாலு. அதே ஆகஸ்டில் 1,900 கன்றுகளுக்கு மேல் கண்ணாடிப் பெட்டிகளில் இலங்கைக்குப் போனது. கம்பஹா பக்கத்தில் ஹெனரத்கொட தோட்டத்தில் நட்டார்கள். 1877-ல் 22 கன்று சிங்கப்பூர் போனது. தென்கிழக்கு ஆசியாவின் பழைய தோட்டங்களில் பெரும்பாலானவை இந்தக் கூட்டத்தின் வாரிசுகள்.

ஒன்றைப் பிள்ளைகளிடம் மறக்காமல் சொல்லுங்கள். விதை போனது 1876, பிரேசில் ரப்பர் விழுந்தது 1910-க்குப் பிறகு. இடையில் முப்பத்து நாலு வருடம் பிரேசில்தான் கொழித்தது. அமேசான் ரப்பர் வணிகத்தில் கொழித்த மனாவுஸ் நகரத்து ஓபரா அரங்கம் திறந்ததே 1896 டிசம்பர் 31-ல். விதை போனதும் குடி மூழ்கியது என்றால் இந்தக் காலம் கணக்கில் வராது.

இன்னொரு விஷயம். பிரேசிலை வாழவைத்த காபியே பிரேசில் செடி கிடையாது. 1727-ல் பல்யேட்டா என்ற போர்ச்சுகீசிய அதிகாரி பிரெஞ்சு கயானாவிலிருந்து கொண்டுவந்தது. அதையும் ஒளித்துத்தான் கொண்டுவந்தார் என்று அங்கே கதை உண்டு.

ஒட்டுக்கன்று:

அண்ணன் சொன்னதோடு சேர்த்து: பிரேசிலில் தோட்டம் போடாமல் இல்லை. போட்டார்கள், செத்தது. காரணம் தென் அமெரிக்க இலைக் கருகல் என்ற பூஞ்சை நோய். நம்ம ஊரில் இந்த நோய் இதுவரை இல்லாததால் பலருக்கு அதன் கொடுமை புரியாது.

பூஞ்சை தாக்குவது தளிரை மட்டும். விரிந்து பத்துப் பன்னிரண்டு நாள் தாண்டி இலை முற்றிவிட்டால் ஒன்றும் செய்யாது. ஆனால் தளிர் பல மணி நேரம் நனைந்தே இருந்தால் பூஞ்சையின் வித்து முளைத்து இலை கருகி விழும். மரம் சேமித்த மாவுச்சத்தை எடுத்து மறுபடி தளிர் விடும், அதுவும் விழும். மூன்று நாலு தடவை இப்படி ஆனால் கொம்பு நுனியிலிருந்து காய ஆரம்பிக்கும். அமேசானில் தெளிவான வறட்சிக் காலம் இல்லாத பகுதிகளில் எந்த மாதமும் ஏதாவது ஒரு மரத்தில் தளிர் இருக்கும், பூஞ்சைக்குப் பட்டினியே கிடையாது. நமக்கு தை, மாசியில் இலையுதிர்ந்து தளிர்க்கும்போது வருகிற சாம்பல் நோயும் தளிரைத்தான் தாக்கும். அதற்கு கந்தகத் தூள் அடித்தால் அந்த வருடம் தப்பலாம். இலைக் கருகலுக்கு நாற்றங்காலில் மருந்து தெளிக்கலாம், 20 மீட்டர் உயர மரத்தில் மழைக்கு நடுவே வாரா வாரம் எப்படித் தெளிப்பது?

காட்டில் மரம் எப்படிப் பிழைத்தது என்றால், இடைவெளிதான். ஹெக்டேருக்கு இரண்டு மூன்று மரம், நடுவில் நூறு விதமான வேறு மரம். ஒன்றிலிருந்து புறப்பட்ட வித்து அடுத்த ரப்பர் மரத்தைத் தேடிப் போவதற்குள் வீணாகிவிடும். நம்ம ஊர்க் கணக்குப்படி ஹெக்டேருக்கு 450, 500 என்று நட்டால் கிளையும் கிளையும் தொட்ட அன்றைக்கு நோய்க்கு ரோடு போட்டுக் கொடுத்தாயிற்று.

இதை ஹென்றி ஃபோர்டு காசு கொடுத்துக் கற்றார். 1927-ல் தபஜோஸ் கரையில் ஏறக்குறைய 10,000 சதுர கிலோமீட்டர் நிலம் வாங்கினார், 1928-ல் வேலை ஆரம்பம், பெயர் ஃபோர்ட்லாண்டியா. நிலம் மேடும் பள்ளமும், மேல்மண் மழையில் அரித்துப் போனது. முதல் சில வருடம் மரத்தைப் பற்றித் தெரிந்த ஆளையே வைக்கவில்லை. 1930 டிசம்பரில் சாப்பாட்டுக் கூடத்தில் ஆரம்பித்த தொழிலாளர் கலவரத்தில் பாதி ஊர் நொறுங்கியது. கிளை மூடிய பிறகு நோய் தோட்டம் முழுக்கப் பரவியது. தாவர நோய் நிபுணர் ஜேம்ஸ் வேய்ர் வந்து, சுமத்திராவிலிருந்து பால் அதிகம் தருகிற ஒட்டு ரகங்களைக் கொண்டுவந்தார். 1934-ல் ஆற்றின் கீழே சமதளமான பெல்தேராவுக்கு மாறினார்கள். அந்த ஆசிய ரகங்கள் பல தலைமுறையாக இந்த நோயையே பார்க்காமல், பாலுக்காக மட்டும் தேர்ந்தெடுத்தவை. அமேசானில் இறக்கியதும் காட்டு மரத்தைவிட மோசமாக விழுந்தன.

பெல்தேராவில் கடைசியாகச் செய்த வைத்தியம் சுவாரசியமானது, ஒட்டு கட்டத் தெரிந்த பிள்ளைகளுக்குப் பிடிக்கும். ஒரே மரத்தில் மூன்று ரகம்: வேருக்கு நாட்டு விதைக் கன்று, அதில் ஒட்டிய நல்ல பால் ரகம் தண்டுக்கு, அந்தத் தண்டு இரண்டு மீட்டருக்கு மேல் வளர்ந்ததும் உச்சியில் நோய் தாங்கும் ரகத்தை மறுபடி ஒட்டித் தலைப்பகுதிக்கு. மரம் பிழைத்தது. ஆனால் ஒவ்வொரு கன்றுக்கும் இரண்டு ஒட்டு, பிடிக்காமல் போனால் மறு ஒட்டு, வெட்டத் தயாராவதில் தாமதம். மேலும் நோய் தாங்கும் தலை சில சமயம் கீழே தண்டின் பாலைக் குறைத்தது. போர் முடிந்த 1945-ல் நிலத்தை பிரேசில் அரசுக்கே ஏறக்குறைய இரண்டரை லட்சம் டாலருக்குக் கொடுத்துவிட்டுப் போனார்கள். செலவழித்தது சுமார் 2 கோடி டாலர்.

இன்று பிரேசிலில் ரப்பர் இல்லை என்றும் சொல்லிவிடாதீர்கள். அதிகம் விளைவது அமேசானில் அல்ல, தெற்கே சாவோ பாவ்லோ மாநிலத்தில். அங்கே மரம் இலை மாற்றுகிற மாதங்கள் வறட்சி, தளிர் நனையாது, நோய் பிடிக்காது.

வள்ளியாறு 62:

எல்லாப் பழியையும் பூஞ்சை தலையில் போடுவது எனக்கு ஒப்பவில்லை. 1913-ல் ஆசியத் தோட்ட ரப்பர் காட்டு ரப்பரை முந்தியது. அதற்கு முன் பிரேசிலில் பெரிய தோட்டம் எதையும் கருகல் கொன்றிருக்கவில்லை, ஏனென்றால் யாரும் பெரிதாகப் போடவே இல்லை. ஏன் போடவில்லை என்பதற்குப் பதில் மரத்தில் இல்லை, கடைக் கணக்குப் புத்தகத்தில் இருக்கிறது.

பெலேம், மனாவுஸ் நகரத்து வணிக நிறுவனங்கள் வெளிநாட்டு ஏற்றுமதிக்காரர்களிடம் கடன் வாங்கும். அந்தக் கடனைச் சரக்காக (மாவு, உப்பு, கத்தி, துப்பாக்கி மருந்து, துணி) ஆற்று மேலே இருக்கும் காட்டு முதலாளிக்கு அனுப்பும். அவன் தன் கிட்டங்கியில் (சரக்குக் கடையில்) வைத்து, பல மடங்கு விலையில் வெட்டுகாரன் கணக்கில் எழுதுவான். வெட்டுகாரன் ரப்பராகத் திருப்பித் தருவான், அதற்கு விலை வைப்பதும் முதலாளியே. கணக்கு எப்போதும் பற்றில்தான் நிற்கும். ஆளை அழைத்துவந்த கப்பல் கூலியே முதல் பற்று. பல இடங்களில் வெட்டுகாரன் தனக்கென்று பயிர் வைக்கவும் விடமாட்டார்கள். மாவை அவனே விளைத்துவிட்டால் கிட்டங்கியில் யார் வாங்குவது?

இந்த ஏற்பாட்டில் யாருக்கும் ஏழு வருடம் காத்திருந்து தோட்டம் வளர்க்கக் காரணமே இல்லை. மரம் ஏற்கனவே காட்டில் நிற்கிறது, கடனில் கட்டிய ஆள் இருக்கிறான், விலை ஏறினால் இன்னும் கொஞ்சம் மேலே உள்ள ஆற்றுக்குப் போனால் போதும். ஆளுக்கும் பஞ்சமில்லை. 1877 முதல் 1879 வரை வடகிழக்கில் செயரா மாகாணத்தில் விழுந்த கொடும் வறட்சியில் பிழைக்க வழியில்லாமல் பல்லாயிரம் பேர் அமேசானுக்குக் கப்பல் ஏறினார்கள். 1910-ல் லண்டனில் ஒரு பவுண்டு எடை ரப்பர் 12 ஷில்லிங்கைத் தாண்டியது. அன்று பிரேசில் ஏற்றுமதியில் ஐந்தில் இரண்டு பங்கு ரப்பர். அந்த விலையைப் பார்த்து மலாயாவில் நட்ட மரங்களெல்லாம் சில வருடத்தில் வெட்டுக்கு வந்தன, விலை கவிழ்ந்தது.

இனி வெட்டு. நம்ம ஊர் வெட்டு பிள்ளைகளுக்கே தெரியும், இருந்தாலும் ஒப்பிடக் கணக்காகச் சொல்கிறேன். ஒட்டுக் கட்டிய இடத்திலிருந்து 125 செ.மீ. உயரத்தில் சுற்றளவு 50 செ.மீ. வந்தால் வெட்டலாம். இடது மேல், வலது கீழ், 30 டிகிரி சாய்வு, அரைச் சுற்று, ஒருநாள் விட்டு ஒருநாள். பால் குழாய்கள் பட்டைக்குள் லேசாக வலப்பக்கம் சாய்ந்து ஏறுவதால் இந்தச் சாய்வில்தான் அதிகக் குழாய் அறுபடும். தடிக்கு (பட்டைக்கு உள்ளே இருக்கும் மரக்கட்டைக்கு) மேலே ஒரு மில்லிமீட்டர் விட்டுத்தான் கத்தி நிற்கணும், அதைத் தாண்டினால் காயம். சீவியதையே மறுநாள் மேலும் மெலிதாகச் சீவுகிற இந்த முறையை 1890-களில் வகுத்தவர் சிங்கப்பூர் தோட்ட இயக்குநர் ரிட்லி.

அமேசானில் வெட்டுகாரனுக்குக் காட்டுக்குள் இரண்டு மூன்று பாதை. ஒவ்வொரு பாதையும் அவன் குடிசையில் புறப்பட்டு வளைந்து அங்கேயே திரும்பும், வழியில் நூறு முதல் இருநூறு மரம். மரத்துக்கு மரம் நடை, அதனால் விடியும் முன்பே தலையில் விளக்கைக் கட்டிக் கிளம்புவான். கத்தி இல்லை, சின்னக் கைக்கோடாலி. ஒரு கொத்து, கீழே ஒரு சின்னத் தகரக் கிண்ணத்தை விளிம்பு பட்டைக்குள் பதியும்படி அழுத்திவிடுவான். மரத்தைச் சுற்றிப் பல கொத்து, நாளுக்கு நாள் கீழே இறங்கும் வரிசை. கோடாலி தடியைத் தொடாமல் நிற்காது. காயம் ஆறும்போது முண்டு முண்டாகத் தடிக்கும், அந்தப் பட்டையில் மறுபடி வெட்ட முடியாது. நன்றாக ஆறிய பட்டையில் நாம் இரண்டாம் சுற்று வெட்டுகிறோம் இல்லையா, அந்த வசதி அவர்களுக்கு இல்லை.

பகலில் இரண்டாம் தடவை அதே பாதையில் நடந்து பாலை வாளியில் சேர்ப்பான். ஆசிட் கிடையாது, ஷீட் அடிக்கும் மெஷினும் கிடையாது. குடிசையில் பனைவகைக் கொட்டைகளைப் போட்டுத் தீ மூட்டி, மேலே குறுகலான கூம்பு அடுப்பின் வாய் வழியாகப் புகையை வரவைப்பார்கள். ஒரு கம்பில் பாலை ஊற்றி, புகையில் சுழற்றி, அந்த ஏடு உறைந்ததும் அடுத்த ஏடு. புகையில் உள்ள அமிலம் பாலை உறைய வைக்கும், மற்றவை பூஞ்சணம் பிடிக்காமல் காக்கும். நாம் ஆசிட்டிலும் புகைப்புரையிலும் தனித்தனியாகச் செய்வதை அவர்கள் ஒரே நேரத்தில் செய்தார்கள். நாள் கணக்கில் ஏடு ஏறி 30, 40 கிலோ உருண்டை ஆகும். கண்ணும் நெஞ்சும் கெட்டுப்போகும் வேலை. எடையைக் கூட்ட உள்ளே மணலோ மாவோ சேர்த்திருக்கிறானா என்று பார்க்க, துறைமுகத்தில் உருண்டையை நடுவே பிளந்துதான் தரம் போடுவார்கள். கிண்ணத்தில் தங்கி உறைந்தது, நம்ம ஒட்டுப்பால் மாதிரி, தனித் தரம், குறைந்த விலை.

எல்லைக்கல்:

அக்ரேக்கு வருகிறேன். பேச்சில் இதற்குப் பாதி நேரம் ஒதுக்கலாம், அவ்வளவு விஷயம் இருக்கிறது.

1867-ல் அயகூச்சோ ஒப்பந்தத்தில் பிரேசிலும் பொலிவியாவும் எல்லை போட்டன. பேனி ஆறும் மமோரே ஆறும் சேரும் இடத்திலிருந்து ஜவாரி ஆற்றின் ஊற்று வரை ஒரு கோடு. ஜவாரியின் ஊற்று எங்கே என்று அன்று இரு நாட்டுக்கும் தெரியாது. தெரியாத புள்ளிக்குக் கோடு போட்டால் என்ன ஆகும்? வாய்க்கால் ஓரத்தில் கல் நடாமல் பத்திரம் எழுதின கதைதான். அந்தக் கோட்டுக்குத் தெற்கே பொலிவியாவின் அக்ரே, உலகத்தின் மிக நல்ல ரப்பர் காடு. ஆனால் ஆறுகள் (புரூஸ், ஜுருவா) பிரேசில் பக்கம் ஓடுகின்றன. மனாவுஸிலிருந்து நீராவிப் படகில் ஏறினால் அக்ரே. லா பாஸிலிருந்து வர ஆண்டிஸ் மலையைத் தாண்டணும். செயரா வறட்சியில் கிளம்பியவர்கள் படகு போன இடம் வரை போய்க் குடியேறினார்கள். 1890-களில் அங்கே இருந்தவர்கள் ஏறக்குறைய எல்லாரும் பிரேசில்காரர்கள்.

1899 ஜனவரியில் பொலிவியா புவர்த்தோ அலோன்சோ என்ற இடத்தில் சுங்கச்சாவடி வைத்து ரப்பருக்கு வரி கேட்டது. ஜூலை 14-ல் கால்வெஸ் என்ற ஸ்பானியர் ஒருவர் 'அக்ரே குடியரசு' என்று அறிவித்தார். பிரேசில் அரசே படகு அனுப்பி அவரை இறக்கியது. பொலிவியா 1901-ல் வேறு யோசனை செய்தது: வரி வசூலிக்கவும் ஆயுதப் படை வைக்கவும் உரிமை கொடுத்து, ஆங்கில, அமெரிக்கப் பணக்காரர்களின் ஒரு சிண்டிகேட்டுக்கு (கூட்டு நிறுவனத்துக்கு) நாட்டின் அந்தப் பகுதியைக் குத்தகைக்கு விட்டது. இது பிரேசிலைப் பயமுறுத்திவிட்டது. 1902 ஆகஸ்ட் 6, பொலிவியாவின் சுதந்திர நாள் அன்று, ப்ளாசிதோ தெ காஸ்த்ரோ என்ற முன்னாள் ராணுவக்காரர் ரப்பர் வெட்டுகாரர்களைத் திரட்டி ஷாபுரி ஊரைப் பிடித்தார். பொலிவியா பக்கம் நிக்கோலாஸ் சுவாரெஸ் என்ற ரப்பர் முதலாளி சொந்தக் காசில் படை கட்டிச் சண்டை போட்டார். 1903 ஜனவரியில் புவர்த்தோ அலோன்சோ சரணடைந்தது.

பிறகு பேரம். பிரேசில் வெளியுறவு அமைச்சர் ரியோ பிராங்கோ பிரபு, சிண்டிகேட்டுக்குக் காசு கொடுத்து விலக்கினார். 1903 நவம்பர் 17-ல் பெட்ரோபோலிஸ் ஒப்பந்தம். பொலிவியா ஏறக்குறைய 1,91,000 சதுர கிலோமீட்டரை விட்டுக் கொடுத்தது. பதிலுக்கு 20 லட்சம் பவுண்டு, கொஞ்சம் நிலம், ஒரு ரயில் பாதை கட்டித் தருவதாக வாக்கு. அளவைப் பிள்ளைகளுக்குப் புரிய வைக்க: நம்ம கன்னியாகுமரி மாவட்டம் மொத்தம் 1,670 சதுர கிலோமீட்டர் சொச்சம். அப்படி நூற்றுப் பத்துக்கும் மேல். (இன்றைய அக்ரே மாநிலம் இதைவிடச் சின்னது. அந்தப் பக்கத்தில் தங்களுக்கும் பங்கு உண்டு என்ற பெருவோடு பிரேசில் 1909-ல் தனியாக எல்லை பேசியது.)

அந்த ரயில்தான் மடைரா-மமோரே. கடலுக்கு வழியில்லாத பொலிவியாவின் ரப்பரை மடைரா ஆற்று அருவிகளைச் சுற்றி எடுத்துவர 366 கிலோமீட்டர், போர்ட்டோ வெல்யோவிலிருந்து குவாஜாரா-மிரிம் வரை. 1907-ல் தொடங்கி 1912-ல் முடித்தார்கள். மலேரியா தொழிலாளிகளை ஆயிரக்கணக்கில் கொன்றது. 1910-ல் மருத்துவர் ஒஸ்வால்தோ க்ரூஸ் நேரில் வந்து, மலேரியா மருந்தான கொயினா கட்டாயம் கொடுக்கணும் என்று அறிக்கை எழுதினார். பாதை திறந்த வருடத்திலேயே ரப்பர் விலை சரிவு. பொலிவியாவை நினைத்தால் பாவம்தான். 1879 முதல் நடந்த பசிபிக் போரில் கடற்கரையைச் சிலியிடம் இழந்து, 1904-ல் அதற்குக் கையெழுத்தும் போட்டது. ஒரு வருட இடைவெளியில் இரண்டு பக்கமும் பத்திரம் எழுதிக் கொடுத்த நாடு.

மலையோரம்:

ரொம்ப நன்றி. நினைத்ததைவிட மூன்று மடங்கு கிடைத்துவிட்டது. இன்னும் இரண்டு. பெரு, கொலம்பியா பக்கம் புட்டுமாயோ கொடுமை என்று படித்தேன், அதை இந்த வயதுப் பிள்ளைகளிடம் எப்படிச் சொல்வது? அப்புறம் வள்ளியாறு அண்ணன் 'மாவு' என்று சொன்னது மரச்சீனி மாவுதானே?

எல்லைக்கல்:

சொல்லத்தான் வேணும், ஆனால் சித்திரவதை விவரத்தில் ஆரம்பிக்காதீர்கள். கணக்கில் ஆரம்பியுங்கள். வள்ளியாறு சொன்ன பற்றுப் புத்தகம் செயராக்காரனைக் கட்டியது, ஏனென்றால் அவனுக்குச் சரக்கு வேண்டியிருந்தது. புட்டுமாயோ ஆற்றங்கரையில் விட்டோட்டோ, போரா, அந்தோக்கே, ஒகாய்னா மக்களுக்குக் காடே சோறு போட்டது, கிட்டங்கி தேவையில்லை. அதனால் ஹூலியோ சேசார் அரானாவின் நிறுவனம் துப்பாக்கியால் கட்டியது. ஆளுக்கு இவ்வளவு எடை ரப்பர், குறைந்தால் சாட்டை. அவருடைய கம்பெனி 1907-ல் லண்டனில் பதிவானது, இயக்குநர் குழுவில் ஆங்கிலேயர்கள் இருந்தார்கள். மேற்பார்வைக்கு பார்படோஸ் தீவிலிருந்து கூட்டிவந்தவர்கள் பிரிட்டிஷ் குடிமக்கள். இந்த இரண்டு காரணத்தால்தான் பிரிட்டன் தலையிட முடிந்தது. தூதரக அதிகாரி ரோஜர் கேஸ்மென்ட் 1910-ல் நேரில் போய் அந்த பார்படோஸ் ஆட்களிடமே வாக்குமூலம் வாங்கினார். 1912-ல் அறிக்கை வெளியானது, நாடாளுமன்றக் குழு விசாரித்தது, 1913-ல் கம்பெனியைக் கலைத்தார்கள். அரானா சிறை போகவில்லை. பிறகு பெருவின் செனட்டர் ஆனார்.

அந்தக் காடு கடைசியில் யாருக்குப் போனது? 1922 ஒப்பந்தத்தில் பெரு அதைக் கொலம்பியாவுக்கு விட்டது, அமேசான் கரையில் லெதீசியா ஊரையும் சேர்த்து. 1932 செப்டம்பர் 1-ல் பெருவின் லொரேட்டோ பகுதி ஆட்கள் ஆயுதத்தோடு லெதீசியாவைப் பிடித்தார்கள், இரு நாட்டுக்கும் போர் மூண்டது. சர்வதேச சங்கம் (ஐ.நா.வுக்கு முன்பிருந்த நாடுகளின் அமைப்பு) புகுந்து, 1934-ல் ஊர் மறுபடி கொலம்பியாவுக்கு.

வரைபடம் போட்டால் நாட்டு எல்லைகளை முதலில் போடாதீர்கள். ஆறுகளை மட்டும் போடுங்கள்: அமேசான், தபஜோஸ், மடைரா, புரூஸ், ஜுருவா, புட்டுமாயோ. அதில் பெலேம், மனாவுஸ், இக்கிட்டோஸ் மூன்று துறைமுகம். பிறகு எல்லையை வேறு நிறத்தில் மேலே போட்டால் படகு எட்டியதற்கும் கொடி பறப்பதற்கும் உள்ள தொடர்பு தானே தெரியும். அக்ரேயில் ஷாபுரிக்கு இரண்டு புள்ளி வையுங்கள். ஒன்று 1902-க்கு. இன்னொன்று 1988 டிசம்பர் 22-க்கு, காட்டை மாட்டுப் பண்ணையாக அழிப்பதைத் தடுத்த வெட்டுகாரர் சங்கத் தலைவர் சிக்கோ மெண்டிஸை அங்கேதான் சுட்டுக் கொன்றார்கள். 1990-ல் அவர் பெயரில் அறிவித்த காப்புக்காட்டில் வெட்டுகாரர்கள் குடியிருந்து பால் எடுக்கலாம், காட்டை அழிக்கக் கூடாது.

வள்ளியாறு 62:

ஆமாம், மரச்சீனிதான். அதுவும் அமேசான் பக்கத்துச் செடி. திருவிதாங்கூரில் 1880-களில் விசாகம் திருநாள் ராஜா பரப்பியதால் நம்ம தட்டுக்கு வந்தது. அங்கே சாப்பிடுவது நம்மைப் போல அவித்த கிழங்கு மட்டும் இல்லை. பெரும்பாலும் கசப்பு ரகம். கிழங்கைச் சுரண்டித் துருவி, ஓலையில் பின்னிய நீளக் குழாய்ப் பையில் திணித்துத் தொங்கவிட்டு, அடிநுனியை இழுத்துச் சாறு பிழிவார்கள். பிழிந்ததைச் சலித்து அகலச் சட்டியில் வறுத்தால் மணல் மாதிரி மாவு. விஷம் சாறோடும் வறுக்கும் சூட்டிலும் போய்விடும். மாதக்கணக்கில் கெடாததால்தான் கப்பலில் ஏற்றிக் காட்டுக்குக் கடனில் அனுப்ப முடிந்தது.

ரப்பரும் மரச்சீனியும் ஒரே குடும்பம், இரண்டிலும் சயனைடு தருகிற அதே பொருள். ரப்பர் விதையைக் காட்சிக்கு வைத்தால் சின்னப் பிள்ளைகள் கடிக்காமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

ஒட்டுக்கன்று:

விதை வைப்பதாக இருந்தால் சும்மா தட்டில் வைக்காதீர்கள், முளைக்கப் போட்டுக் காட்டுங்கள். ஆடி, ஆவணியில் விதை உதிரும்போது அன்றன்று விழுந்த, பளபளப்பான, கனமான விதை நூறு. ஐந்து வாரம் அறையில் திறந்து வைத்த விதை நூறு. கழுவின ஆற்று மணல் 5 செ.மீ. தடிமனில் இரண்டு பாத்தி, நிழலில். விதையை ஒரே அடுக்காகப் பதித்து, முதுகு லேசாகத் தெரிகிற மாதிரி விட்டு, ஈரச் சாக்கால் மூடி, காலையும் மாலையும் தண்ணீர் தெளிக்கணும். தேங்கினால் அழுகிவிடும், அதனால் அடியில் வடிகால் வேணும். புது விதை ஒரு வாரத்தில் வாய் திறக்க ஆரம்பிக்கும், தினமும் எண்ணி எழுதுங்கள். மூன்று வாரத்துக்குப் பிறகு முளைப்பதைக் கணக்கில் எடுக்க வேண்டாம். பழைய விதைப் பாத்தியில் எத்தனை தேறியது என்று பிள்ளைகளே எண்ணிய பிறகு விக்ஹாமின் நூற்றுக்கு நாலைச் சொல்லுங்கள்.